ஊருணிக் கோப்புகளும் ஓர் இகரமும்

நூலகம் என்றவுடன் தமிழாசிரியன் ஒருவனின் நினைவில் எழுவன பழுப்பேறிய தாளின் மணமும், இரும்பு அடுக்குகளும், அமைதி காக்குமாறு எழுதித் தொங்கவிட்ட பலகையுமே ஆகும். ஆகவே, கணினிப் பயன்பாட்டியல் பயிலும் நம் மாணவர் ஒருவர் எங்கள் துறைக் கணினியைச் சற்று நேரம் ஆராய்ந்துவிட்டு, “ஐயா, உங்கள் பழைய நிரலுக்கு வேண்டிய நூலகம் இதில் இல்லை” என்று கூறியபோது, அவர் என்னைக் கேலி செய்கிறாரோ என்றே முதலில் எண்ணினேன். அவர் கேலி செய்யவில்லை. கணினிக்குள்ளும் நூலகங்கள் உண்டு என்பதும், அவற்றுள் ஒன்று காணாமற்போனால் மனிதன் ஒருவனின் இரண்டாண்டு உழைப்பே கண்ணுக்கு முன் இருந்தும் கைக்கு எட்டாததாகிவிடும் என்பதும் அன்றுதான் எனக்கு விளங்கின.

நடந்ததை முறையாகக் கூறுகிறேன். இளமுனைவர்ப் பட்ட ஆய்வுக்காக 2003ஆம் ஆண்டில் யான் கரிசல் நிலத்து முஸ்லிம் முதியோர்களின் பேச்சுவழக்கைத் தொகுத்தேன். கோவில்பட்டியிலிருந்து எட்டயபுரம் வழியாக ஓட்டப்பிடாரம் சென்று, அங்கிருந்து பாஞ்சாலங்குறிச்சியைச் சுற்றியுள்ள சிற்றூர்களுக்குப் பேருந்திலும் மிதிவண்டியிலும் அலைந்தேன். அப்பாதை எத்தகைய பாதை என்பதை வெளியூர் மாணவர்களுக்காகச் சொல்லவேண்டும். சீறாப்புராணம் பாடிய உமறுப் புலவர் அடங்கியிருப்பது எட்டயபுரத்தில். பாரதியார் 1882இல் பிறந்ததும் அதே ஊரில். அங்கிருந்து தென்கிழக்கே சென்றால், 1801ஆம் ஆண்டுப் போருக்குப் பின் ஆங்கிலேயர் மண்ணோடு மண்ணாக்கிய பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையின் இடம் வரும். இப்போது அங்கே நாம் காணும் நினைவுக் கோட்டை 1974இல் தமிழக அரசு எழுப்பியது. இடையிலும் சுற்றிலும் கம்பும் சோளமும் பருத்தியும் உளுந்தும் விளையும் கருமண். கோடையில் கால் நுழையுமளவுக்கு வெடித்துக் கிடக்கும். மழை பெய்தால் செருப்பைப் பிடுங்கிக்கொள்ளும்.

அம்முதியோர்கள் கூறியவற்றை முதலில் குறிப்பேடுகளில் எழுதினேன். பின்னர் ஒரு தட்டச்சு நிலையத்தில் இருந்த கணினியில், அக்காலத்தில் பரவலாக விற்ற ஒரு தமிழ் எழுதி நிரலின் வழியாக உள்ளிட்டேன். ஆய்வேட்டின் பின்னிணைப்பில் அவற்றுள் பத்தில் ஒரு பங்குதான் இடம்பெற்றது. எஞ்சியவை கோப்புகளாகவே தங்கின. குறிப்பேடுகளைக் கறையான் தின்றது. நெகிழ்வட்டுகளில் பூஞ்சை படரத் தொடங்கியபோது, 2005இல் நண்பர் ஒருவர் உரைகளையெல்லாம் மின்னஞ்சல் வழியே வேறு கணினிக்கு அனுப்பி, மீண்டும் அதே எழுதியில் சேமித்து, ஒரு குறுவட்டில் பதிந்து தந்தார். எழுதி நிரலின் நிறுவுகோப்புகளையும் அதிலேயே சேர்த்திருந்தார். அந்த முன்யோசனைக்கு இன்றும் அவருக்காக துஆ செய்கிறேன். குறுவட்டைப் பத்திரமாகப் பீரோவில் வைத்துப் பூட்டிவிட்டுப் பாடம் நடத்தப் போய்விட்டேன். இம்மலருக்கென அத்தொகுப்பிலிருந்து ஒரு கட்டுரை எழுதலாம் என்று கருதி அதை வெளியே எடுத்தபோது, பேசியவர்களில் ஒருவர்கூட உயிரோடு இல்லை.

எழுதி நிரல் திறக்கவில்லை. ‘எம்எஸ்விபிவிஎம்50.டிஎல்எல் காணப்படவில்லை’ என்னும் பொருள்பட ஓர் அறிவிப்பு மட்டும் திரையில் நின்றது.

டிஎல்எல் என முடியும் இக்கோப்புகளின் முழுப்பெயரைத் தமிழில் இயங்குநிலை இணைப்பு நூலகம் எனலாம். விண்டோஸ் இயங்குதளத்தில் இவை சில ஆயிரம் உண்டு. லினக்ஸ் முதலான பிற தளங்களிலும் வேறு பெயரில் இதே ஏற்பாடு இருக்கிறது. பெயர் அச்சுறுத்துகிறது, கருத்து எளியது. எந்த நிரலும் தன் வேலை அனைத்தையும் தானே செய்வதில்லை. சாளரம் வரைதல், அச்சுப்பொறியோடு பேசுதல், எழுத்தைத் திரையில் அடுக்குதல் ஆகியவை எல்லா நிரலுக்கும் பொதுவான வேலைகள். ஒவ்வொரு நிரலும் அவற்றுக்கான கட்டளைகளைத் தன்னுள் சுமந்தால் இடம் வீணாகும். ஆகவே அக்கட்டளைகளை ஒரு பொதுக்கோப்பில் ஒருமுறை எழுதி வைத்துவிடுகின்றனர். வேண்டிய நிரல் இயங்கும்போது அக்கோப்பை அழைத்துப் பயன்கொள்கிறது. பத்து நிரல்கள் ஒரே நேரத்தில் அழைத்தாலும் நினைவகத்தில் அதன் கட்டளைகள் ஒரு படியாகவே இருந்து பத்துக்கும் பணிபுரியும்.

நூலகம் என்னும் பெயர் இதற்கு வந்த கதை சுவையானது. கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் 1949ஆம் ஆண்டு மே மாதம் எட்சாக் என்னும் கணினி இயங்கத் தொடங்கியது. அடிக்கடி தேவைப்படும் கணக்கு முறைகளைத் துளையிட்ட காகித நாடாக்களில் பதித்து, இழுப்பறைகள் கொண்ட ஓர் எஃகு அலமாரியில் அடுக்கி வைத்தனர். வர்க்கமூலம் வேண்டுமென்றால் அதற்குரிய நாடாவை எடுத்துத் தம் நிரலின் நாடாவில் படியெடுத்துக் கொள்வார்கள். வில்க்ஸ், வீலர், கில் ஆகிய மூவரும் 1951இல் இம்முறையைப் பற்றி ஒரு நூலே எழுதினர். அவ்வலமாரியைத்தான் அவர்கள் நூலகம் என்றனர். ஆக, நம் மாணவர் கூறிய சொல் உண்மையிலேயே ஓர் அலமாரியிலிருந்து பிறந்த சொல்.

எனினும் எனக்கு இது முழுமையாக விளங்கியது அலமாரியால் அன்று, தேக்சாவால். என் சிறுவயதில் எங்கள் ஜமாஅத்தின் பாத்திரக் கணக்கைப் பார்த்துக்கொண்டவர் என் அத்தா மர்ஹூம் அவர்கள். பள்ளிவாசலை ஒட்டிய ஓர் அறையில் பெரிய தேக்சாக்கள், அண்டாக்கள், சஹன்கள், ஜமுக்காளங்கள் இருக்கும். நிக்காஹ் வீட்டார் வந்து கையொப்பமிட்டு எடுத்துச்சென்று, விருந்து முடிந்தபின் துலக்கிக் கொண்டுவந்து ஒப்படைப்பார்கள். ஐந்நூறு பேருக்குச் சோறு ஆக்கும் தேக்சாவை எந்த வீட்டார்தாம் சொந்தமாக வாங்கி வைப்பர்? வாழ்நாளில் மூன்று நான்கு முறை தேவைப்படும் பொருளுக்கு வீட்டில் பாதியையா ஒதுக்குவது? பொதுவில் ஒன்று இருந்தால் ஊருக்கே போதும். டிஎல்எல் என்பது ஜமாஅத்துத் தேக்சா என்று யான் கூறியபோது அம்மாணவர் சிரித்தார், ஆனால் மறுக்கவில்லை.

பொதுப்பொருளுக்கு ஒரு தொல்லையும் உண்டு. ஒருமுறை ஒரு வீட்டார் தேக்சாவின் மூடியை எங்கோ தவறவிட்டுவிட்டு, அளவில் சிறிய வேறொரு மூடியை அதன்மேல் வைத்துக் கொடுத்துவிட்டனர். அறையில் வைத்தபோது வேறுபாடு தெரியவில்லை. அடுத்த வாரம் வேறொரு வீட்டு நிக்காஹ்வில் தம் போட்டபோதுதான் மூடி உள்ளே விழுந்தது. அன்று பிரியாணி குழைந்துபோயிற்று. தவறிழைத்தவர் ஒருவர், தலைகுனிந்தவர் மற்றொருவர். அத்தா அதன்பின் ஒவ்வொரு மூடியிலும் எண் பொறிக்கச் செய்தார்கள்.

விண்டோஸ் உலகம் 1990களில் பட்ட பாடு இதுவே. புதிதாக ஒரு நிரலை நிறுவுவோம். அது தன்னோடு ஒரு பழைய பதிப்பு டிஎல்எல்லைக் கொண்டுவந்து, பொது அடைவில் இருந்த புதிய பதிப்பின்மேல் எழுதிவிடும். புதிய நிரல் நன்றாகவே ஓடும். நேற்றுவரை ஓடிய வேறொரு நிரல் படுத்துவிடும். இந்நிலையைக் கணினியாளர் ‘டிஎல்எல் நரகம்’ என்றே அழைத்தனர். அத்தா மூடிகளில் எண் பொறித்ததைப்போல, இவர்களும் பதிப்பெண்களைச் சரிபார்க்கும் முறைகளைக் கடுமையாக்கினர். விண்டோஸ் 2000இல் பொதுக்கோப்புகளைப் பிற நிரல்கள் மாற்றாதபடி காவல் ஏற்பட்டது. 2001இல் வந்த எக்ஸ்பியில் ஒரே நூலகத்தின் பல பதிப்புகள் அருகருகே வாழவும் வழி செய்தனர்.

எங்கள் கணினியில் நடந்தது வேறு. அந்த எழுதியை ஆக்கியோர் விஷுவல் பேசிக் என்னும் மொழியின் 5ஆம் பதிப்பில் அதை எழுதியிருந்தனர். அப்பதிப்பு வந்தது 1997இல். அதில் எழுதிய எந்த நிரலும் மேற்சொன்ன கோப்பு இல்லாமல் ஓராடி எடுத்துவைக்காது. அடுத்து வந்த 6ஆம் பதிப்பின் கோப்பை விண்டோஸ் இன்றும் தன்னோடு சுமக்கிறது. 5ஆம் பதிப்பினது நம் துறைக் கணினியில் இல்லை. ஓராண்டு மூத்தது கழிந்துபோக, இளையது பிழைத்திருக்கிறது.

முதலில் உதவ வந்த வேறொரு மாணவர் ஆர்வத்தில் ஒரு பிழை செய்தார். கோப்பின் பெயரைத் தேடி, முகம் தெரியாத ஏதோவோர் இடத்திலிருந்து அதைத் தனியே இறக்கிக் கொண்டுவந்தார். இத்தகைய கோப்பு ஒரு நிரலுக்குள் நுழைந்தால் அந்நிரலுக்கு உள்ள உரிமை அனைத்தையும் தானும் பெறும். ஊர்ப்பொது அறையின் சாவியை வழிப்போக்கனிடம் தருவது போன்றது அது. நச்சுநிரல் காப்பான் கூச்சலிட்டது. அக்கோப்பை நீக்கிக் கணினியைத் தூய்மை செய்ய ஒருநாள் கழிந்தது. அவர் அதை இட்ட இடமும் தவறு. இன்றைய 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்னும் அடைவில் இருப்பவை 64 பிட் நூலகங்கள். 32 பிட் நூலகங்களோ சிஸ்வாவ்64 என்னும் அடைவில் இருக்கின்றன. பெயரும் பொருளும் இப்படித் தலைகீழாக நிற்பதற்குப் பழைய நிரல்களோடு ஒத்துப்போகும் தேவையே காரணம் என்கின்றனர். மொழி நூலார் இதனைக் கேட்டால் வியக்கமாட்டார். நாற்றம் என்னும் சொல் நறுமணத்திலிருந்து எங்கே வந்து நிற்கிறது என்பதை நாம் அறிவோம் அல்லவா!

இரண்டாம் மாணவர் பொறுமைசாலி. அவர் குறுவட்டின் நிறுவுகோப்புகளை ஒவ்வொன்றாகப் பார்த்தார். பெயரின் கடைசி எழுத்துக்கு மாற்றாக ஓர் அடிக்கோடு இட்ட கோப்புகள் பல அங்கே இருந்தன. அவை இடம் சேமிக்கச் சுருக்கி வைத்தவை. நாங்கள் தேடிய நூலகமும் அவற்றுள் சுருண்டு கிடந்தது. அதை விரித்தெடுத்து, பொது அடைவில் கை வைக்காமல், எழுதி நிரல் இருக்கும் அடைவிலேயே இட்டார். நிரல் ஒன்று தனக்கு வேண்டிய நூலகத்தைப் பெரும்பாலும் முதலில் தன் வீட்டில் தேடும்; கிடைக்காவிட்டால்தான் பொது அறைக்குப் போகும். அந்த நூலகம் கிடைத்தவுடன் எழுதி அடுத்த குறையைச் சொல்லிற்று, அதைக் கொடுத்தோம். பின்னும் ஒன்றைக் கேட்டது. பெண்வீட்டாரிடம் சீர் கேட்பதுபோல் ஆயிற்று. மஃரிபுக்குச் சற்று முன் அந்தச் சாம்பல்நிறச் சாளரம் திறந்தது. இருபது ஆண்டுகளுக்குப் பின் என் முதியோர்களின் பேச்சைத் திரையில் கண்டேன்.

மகிழ்ச்சி ஒரு பத்திக்குள் வடிந்துவிட்டது. முதல் வரியே ‘ந்த ஊர்ல’ என்று தொடங்கிற்று. அடுத்த வரியில் ‘ல்லை’ என்று ஒரு சொல். எங்கெல்லாம் இகரம் தனித்து நிற்கவேண்டுமோ அங்கெல்லாம் அது இல்லை.

இதற்குக் காரணம் டிஎல்எல் அன்று. தமிழ் எழுத்துருக்களின் பழைய வரலாறு. ஒருங்குறி பரவாத அக்காலத்தில் ஆங்கிலத்துக்கு ஒதுக்கியது போக எஞ்சிய நூற்றிருபத்தெட்டுக் கட்டங்களில் அவரவர் விருப்பப்படி தமிழ் எழுத்துகளைக் குடியேற்றினர். ஒருவரின் ககரம் மற்றொருவரின் மகரமாகத் தெரிந்தது. இக்குழப்பத்தைத் தீர்க்க 1999ஆம் ஆண்டு சென்னையில் தமிழ் இணைய மாநாடு கூடிற்று. அவ்வாண்டிலேயே தமிழக அரசு தமிழ்99 விசைப்பலகையையும் டாம், டாப் என்னும் குறியேற்றங்களையும் அறிவித்தது. 2010இல் கோவைச் செம்மொழி மாநாட்டை ஒட்டி ஒருங்குறியை ஏற்றது. இவையனைத்துக்கும் முன்னே பிறந்த எங்கள் எழுத்துருவில் 173ஆம் கட்டத்தில் இகரம் குடியிருந்தது. உலக வழக்கில் அக்கட்டம் மென் இணைப்புக்கோட்டுக்கு உரியது. வரியின் இறுதியில் சொல் உடைந்தாலன்றி அக்கோடு கண்ணுக்குத் தெரியாது. என் நண்பர் 2005இல் மின்னஞ்சல் வழியே அனுப்பியபோது, இடையில் ஏதோவொரு நிரல் அவ்விகரங்களை வெறும் இணைப்புக்கோடுகள் என்று கருதி நீக்கிவிட்டிருக்கிறது. கிகரமும் சிகரமும் பிழைத்தன. தனி இகரம் மட்டும் ஒன்றுகூட எஞ்சவில்லை.

அப்போதுதான் யான் கற்ற தொழில் எனக்குக் கைகொடுத்தது. மெய்யெழுத்து மொழிக்கு முதலாகாது என்பது தொல்காப்பியர் காலத்து விதி. ஆகவே ‘ந்த’ என்பது இந்த. ‘த்தா’ என்பது இத்தா. ட, ண, ழ, ள, ற, ன வரிசையும் தமிழ்ச்சொல்லுக்கு முதலாகா. ‘டம்’ என்றால் இடம். ‘ளவட்டக்கல்’ என்றால் இளவட்டக்கல். ‘றுங்குச்சோளம்’ என்றால் கரிசலுக்கே உரிய இறுங்குச்சோளம். இவ்விதிகளைக் கூறக்கூற அம்மாணவர் அவற்றை ஒரு சிறு நிரலாக எழுதினார். மொழிமுதல் எழுத்துகளை இருபதாண்டுகளாக வகுப்பில் நடத்தியிருக்கிறேன். அவை ஒரு கணினியில் ஓடிப் பயன்தருவதை அன்றுதான் பார்த்தேன்.

ரகரத்திலும் லகரத்திலும் விதி இடறிற்று. அவையும் தமிழ்ச்சொல்லுக்கு முதலாகா என்பதால் நிரல் கண்ட இடமெல்லாம் இகரத்தைச் சேர்த்தது. ஆனால் எங்கள் முதியோர்களின் பேச்சில் ரசூல், ரக்அத், லுஹர், லெப்பை என்று எத்தனை சொற்கள்! அவையெல்லாம் இரசூல், இரக்அத், இலுஹர், இலெப்பை என்று ஆகிவிட்டன. நன்னூலார் பார்த்திருந்தால் மகிழ்ந்திருப்பார். பேசிய பெருமாட்டிகள் மகிழ்ந்திருக்கமாட்டார்கள். அவற்றைக் கையால் திருத்தினேன். ‘தை விதைச்சா’ என்று ஒரு தொடர். அது தை மாதமா, இதை என்பதா? இங்கு இலக்கணம் வாய்மூடியது, மண் பேசிற்று. மானாவாரிக் கரிசலில் விதைப்பு வடகிழக்குப் பருவமழையை நம்பிப் புரட்டாசி ஐப்பசியில் நடப்பது. தையில் விதைப்பார் இல்லை. ஆகவே அது ‘இதை விதைச்சா’.

திருத்திய உரையை ஒருங்குறிக்கு மாற்றித் திறந்தபோது வேறொன்று கண்டேன். ஒருங்குறியில் ‘கொ’ என்னும் எழுத்தைச் சேமிக்கையில் ககரம் முதலிலும் ஒகரக் குறி அடுத்தும் நிற்கின்றன. ஒலிக்கும் முறைப்படி அதுவே சரி. திரையிலோ ஒற்றைக்கொம்பு முன்னே வந்து, ககரம் நடுவில் நின்று, கால் பின்னே செல்லவேண்டும். யார் இதைச் செய்வது? எழுத்துருவுக்கு வடிவங்கள் மட்டும் தெரியும். கட்டுரை எழுதும் நிரலுக்கோ தமிழே தெரியாது. இடையில் ஒரு பொது நூலகம் நின்று இவ்வேலையைச் செய்கிறது. விண்டோஸ் 2000இல் தமிழுக்கு இப்பணியைச் செய்தது யூஎஸ்பி10.டிஎல்எல் என்னும் கோப்பு. அதன் பழைய பதிப்பு இருந்த கணினிகளில் கொம்புகள் இடம் மாறி நின்றதையும், புதிய பதிப்பை இட்டவுடன் சீரானதையும் அக்காலத்தில் தமிழ்க் கணினியில் உழன்றவர் அறிவர். தமிழின் எழுத்து நடை முழுவதும் ஒரே ஒரு கோப்பை நம்பி நின்ற காலம் அது.

அதே கோப்பு அரபிக்கும் பணிபுரிந்தது என்று அம்மாணவர் கூறியபோது யான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். அரபியில் ‘பா’ என்னும் எழுத்து தனித்து நிற்கும்போது ஒரு வடிவம், சொல்லின் முதலில் ஒன்று, இடையில் ஒன்று, கடையில் ஒன்று. மதரஸாவில் உஸ்தாத் பிரம்போடு நின்று எங்களுக்குக் கற்பித்த பாடம் அது. திறந்த மூலமாக உலகெங்கும் வழங்கும் இன்னொரு நூலகம் இன்று இதே தொண்டை ஆண்ட்ராய்டு கைபேசிகளிலும், குரோம், ஃபயர்பாக்ஸ் உலாவிகளிலும், லிப்ரே ஆபீஸிலும் செய்கிறது. அதன் பெயர் ஹார்ஃப்பஸ். பாரசீகத்தில் ஹர்ஃப் என்றால் எழுத்து; பாஸ் என்றால் திறந்தது. பெயர் இட்டவர் ஈரானில் பிறந்த பெஹ்தாத் எஸ்ஃபஹ்போத் என்னும் வல்லுநர். நாம் கைபேசியில் திருக்குறளைப் படித்தாலும் திருக்குர்ஆனைப் படித்தாலும் எழுத்துகளை அடுக்கித் தருவது பெரும்பாலும் அந்த ஒரே ‘ஹர்ஃபு’தான். அரபு எழுத்துக்குப் புள்ளிகள் கூட்டித் தமிழ் ஒலிகளை எழுதிய அரபுத்தமிழ் மரபினர் நம் முன்னோர். அவர்களுடைய பேரப்பிள்ளைகளாகிய நாம் இதில் அந்நியர் அல்லர்.

பொது நூலகத்தின் ஆக்கமும் அச்சமும் ஒரே இடத்திலிருந்து வருகின்றன. கரிசலில் கிணறு தோண்டினால் பல இடங்களில் உவர்நீர். ஆகவே மழைநீர் தேங்கும் ஊருணியே ஊரின் உயிர். வள்ளுவரும் பேரறிவாளன் செல்வத்துக்கு அதனையே உவமை காட்டினார். ஊருணி தூய்மையாக இருந்தால் ஊர் முழுவதும் நலம். அதில் ஒருவர் அழுக்குச் சேர்த்தால் ஊர் முழுவதும் நோய். இணையப் பாதுகாப்புக்கு உலகமே நம்பியிருந்த ஓப்பன் எஸ்எஸ்எல் என்னும் நூலகத்தில் ஒரு பிழை இருப்பது 2014 ஏப்ரலில் வெளிப்பட்டபோது, அதைப் பயன்படுத்திய தளங்கள் எல்லாம் ஒரே நாளில் நடுங்கின. 2016 மார்ச்சில் ஒருவர் தம் மனவருத்தத்தால் பதினொரு வரி கொண்ட ஒரு சிறு பொது நிரலைத் திரும்பப் பெற்றுக்கொள்ள, அதை நம்பிய எண்ணற்ற நிரலாக்கப் பணிகள் உடைந்து நின்றன. இதனால் சலித்தோர் இப்போது, வேண்டிய நூலகங்களையெல்லாம் நிரலோடேயே கட்டி அனுப்புகின்றனர். வட்டில் இடம் மலிந்துவிட்டது; வீட்டுக்கு வீடு தேக்சா வாங்க வசதியும் வந்துவிட்டது. ஆனால் ஊருணியில் ஒரு பழுது தெரிந்தால் ஓரிடத்தில் தூர்வாரினால் போதும். ஆயிரம் வீட்டுத் தொட்டிகளில் பழுது இருந்தால் யார் போய்த் தட்டுவது? எனக்கு இன்னும் ஊருணிப் பக்கமே மனம் சாய்கிறது. கணினித்துறைப் பேராசிரியர்கள் மாறுபடக்கூடும்.

என் தொகுப்புக்குத் திரும்புகிறேன். எல்லாம் திருத்திய பின்னும் ஓரிடம் எஞ்சிற்று. பாஞ்சாலங்குறிச்சிக்குக் கிழக்கே ஒரு சிற்றூரில், அவ்வூர் ஊருணியை மக்கள் கூடி ஆழப்படுத்திய கதையை ஒரு மூதாட்டி கூறியிருந்தார். யார் யார் எத்தனை நாள் மண் சுமந்தனர், யார் வீட்டிலிருந்து கஞ்சி வந்தது என்றெல்லாம் விரிவாகச் சொல்லிவிட்டு, “கணக்கெல்லாம் மாமுதான் வச்சிருந்தாக” என்று முடித்திருந்தார். அது மாமுவா, இகரம் இழந்த இமாமுவா? மகரம் மொழிமுதல் வரும். இலக்கணமும் மண்ணும் இங்கே ஒருசேரக் கைவிட்டன. தாய்மாமன் வைத்த கணக்கென்றால் அது ஒரு குடும்பத்தின் பெருமை. இமாம் வைத்த கணக்கென்றால் அது பள்ளிவாசலின் பணி, ஊர் வரலாறு. எப்படி அச்சிடுவது?

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவ்வூருக்குச் சென்றேன். மூதாட்டி மறைந்து பல்லாண்டுகள் ஆகியிருந்தன. அவர்தம் மகள், அவரும் இப்போது முதியவரே, திண்ணையில் பாய் விரித்து அமரச் செய்தார். தொடரைப் படித்துக் காட்டி ஐயத்தைக் கேட்டேன்.

“இதுக்கா இம்புட்டுத் தூரம் வந்தீக? எங்க உம்மாவுக்கு மாமுவும் அவுகதான், இந்தப் பள்ளிக்கு இமாமும் அவுகதான். எப்படி எழுதுனாலும் சரிதான்” என்று சிரித்தார்.

யானும் சிரித்தேன். பிறகு அவர் ஏதோ நினைவு வந்தவராய்ச் சற்றுக் குரல் தாழ்த்தி, “ஆனா அவுகளுக்கு ஓத வரும், எழுத வராது. கணக்கு எழுதுனது மாமிதான். அரபுத்தமிழ்ல எழுதி வச்சிருந்தாக” என்றார்.

அந்த ஏடு எங்கே என்று கேட்டேன்.

“உம்மா மவுத்தானப்போ பெட்டியில இருந்துச்சு. எங்க யாருக்கும் வாசிக்கத் தெரியல. அரபு எழுத்தாச்சே, கால்பட்டுடக் கூடாதுன்னு பழைய குர்ஆன் ஏடுகளோட சேர்த்து, ஊருணிக்குள்ள இருக்கிற கெணத்துல விட்டுட்டோம்.”